கதவைத் தட்டிய பிறகு

தேசிய சேவையில் சேரும் இளைஞன் நிரப்பித் தரவேண்டிய படிவங்களில் ‘நெருங்கிய உறவினர்’ என்றொரு பகுதி உண்டு. அப்பாவின் பெயரையோ அம்மாவின் பெயரையோ எழுதி, தொலைபேசி எண்ணையும் புளோக் எண்ணோடு முகவரியையும் குறித்துவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவோம். மொட்டை அடிப்பதைப் பற்றியும் தெக்கோங் தீவின் சாப்பாட்டைப் பற்றியும் இருக்கிற கவலை, அந்தக் கட்டத்தைப் பற்றி யாருக்கும் இருப்பதில்லை. ஆனால் இராணுவம் ஒரு குடும்பத்தோடு செய்துகொள்ளும் மிக முக்கியமான ஒப்பந்தம் அந்தக் கட்டத்துக்குள்தான் இருக்கிறது என்பது என் கருத்து. உங்கள் பிள்ளைக்கு ஏதேனும் நேர்ந்தால் முதலில் உங்களிடம் வந்து சொல்வோம் என்பதே அந்த ஒப்பந்தம்.

மற்ற பல நாடுகளில் இராணுவக் குடும்பங்கள் தனிச் சமூகமாக வாழ்கின்றன. முகாமை ஒட்டிய குடியிருப்புகளில் ஒருவர் கவலை மற்றவருக்குத் தெரியும். சிங்கப்பூரின் நிலைமை வேறு. 1967ஆம் ஆண்டிலிருந்து இங்கே ஆண்பிள்ளை உள்ள வீடுகளில் பெரும்பாலானவை ஏதாவதொரு காலத்தில் இராணுவக் குடும்பங்களாகிவிடுகின்றன. இரண்டாண்டு முழுநேர சேவை (2004ஆம் ஆண்டின் இறுதிவரை பலருக்கு இரண்டரை ஆண்டு), அதன்பின் வேலைக்குப் போய், திருமணமாகிப் பிள்ளை பெற்ற பின்னும் போர்க்காலப் படைவீரராகப் பயிற்சி முகாம்கள். நம் சங்கத்து ஆண் உறுப்பினர்களில் பெரும்பாலோர் முழுநேர சேவையை முடித்துவிட்டுத்தான் விரிவுரை மண்டபத்துக்குள் காலெடுத்து வைத்தவர்கள். நாம் போருக்குப் போனதில்லை. ஆனாலும் பயிற்சியில் இளைஞர்கள் இறந்திருக்கிறார்கள். காயமுற்று வாழ்நாள் முழுவதும் அதைச் சுமப்பவர்களும் இருக்கிறார்கள். ஆகவே இராணுவம் குடும்பத்திடம் எப்படிச் செய்தி சொல்கிறது, சொன்ன பிறகு என்ன செய்கிறது என்பது நமக்குத் தூரத்து விவகாரம் அன்று.

இந்தக் கட்டுரையில் நான் சொல்ல விரும்புவது ஒன்றுதான். இறப்புச் செய்தியைக் கண்ணியமாகக் கொண்டுவந்து சேர்க்கும் முறையை உலகின் பல இராணுவங்கள் பெரும் விலை கொடுத்துக் கற்றுக்கொண்டுவிட்டன. எப்படி இறந்தான் என்ற உண்மையைக் கொண்டுவந்து சேர்ப்பதில்தான் அவை இன்னும் தடுமாறுகின்றன. குடும்பத்துக்கு இரண்டாவதுதான் அதிகம் வேண்டியிருக்கிறது.

தமிழ் படித்தவர்களுக்கு இந்த இடத்தில் புறநானூற்றின் 278ஆம் பாடல் நினைவுக்கு வரும். காக்கைபாடினியார் நச்செள்ளையார் பாடியது. மகன் போரில் புறமுதுகு காட்டினான் என்று பலரும் சொல்லக் கேட்ட முதியவள், அது மெய்யானால் அவனுக்குப் பாலூட்டிய மார்பை அறுத்தெறிவேன் என்று வாளோடு களத்துக்குப் போகிறாள். அங்கே பிணங்களைப் புரட்டிப் புரட்டிப் பார்க்கிறாள். வெட்டுண்டு சிதைந்து கிடந்த மகனைக் கண்டதும், பெற்ற நாளில் அடைந்ததைவிடப் பெரிய மகிழ்ச்சி அடைகிறாள். வீரத்தாய்க்கு எடுத்துக்காட்டாக இதைப் பட்டிமன்றங்களிலும் பேச்சுப் போட்டிகளிலும் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். எனக்கு அந்தப் பாட்டில் வேறொன்றுதான் உறுத்துகிறது. அந்தத் தாயிடம் அரசனின் ஆள் எவரும் வந்ததாகப் பாட்டில் இல்லை. செய்தி ஊர் வாய்வழியாக வந்தது, பொய்யாகவும் வந்தது. உண்மையைத் தெரிந்துகொள்ள அந்தக் கிழவியே போய்ப் பிணங்களைப் புரட்ட வேண்டியிருந்தது.

பழந்தமிழர் இதற்கு வழியே காணவில்லை என்று சொல்லிவிட முடியாது. நடுகல் இருக்கிறது. கல்லைத் தேர்வதில் தொடங்கி நட்டு வாழ்த்துவது வரை அதன் படிநிலைகளைத் தொல்காப்பியம் வகைப்படுத்துகிறது. செங்கம் வட்டாரத்து நடுகற்கள் போன்ற பல்லவர் காலக் கற்களில், எந்த அரசனின் ஆட்சியாண்டு, யாருடைய சேவகன், எந்த ஆநிரைப் பூசலில் பட்டான் என்று பொறித்திருப்பதைக் காணலாம். களத்தில் இறந்தவனின் குடும்பத்துக்கு விடப்பட்ட நிலத்துக்குக் கல்வெட்டுகளில் உதிரப்பட்டி என்று பெயர். நெய்த்தோர்ப்பட்டி என்றும் வரும். நெய்த்தோர் என்றாலும் இரத்தம்தான். இழப்பீடு என்ற வழவழப்பான சொல்லைவிட இந்தப் பெயர் நேர்மையானது. எந்த இரத்தத்துக்காக அந்த நிலம் வந்தது என்பதை அது மறைக்கவில்லை.

பெயரைப் பொறிப்பது எவ்வளவு பெரிய காரியம் என்பதை அறிய நாம் தமிழ்நாடு வரை போகவேண்டாம். கிராஞ்சிப் போர் நினைவிடத்தின் சுவர்களில் 24,000க்கும் மேற்பட்ட பெயர்கள் இருக்கின்றன. கல்லறை இன்ன இடத்தில் என்று தெரியாதவர்கள் அவர்கள். பிரிட்டிஷ் இந்தியப் படையினரின் பெயர்களும் ஏராளம். 1942 பிப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தபின், அவர்களில் எத்தனையோ பேருடைய வீடுகளுக்குக் ‘காணவில்லை’ என்ற சொல்லைத் தவிர வேறெதுவும் பல ஆண்டுகள் போய்ச் சேரவில்லை. இருந்தாலும் கடைசியில் ஒரு சுவரும் ஒரு பெயரும் கிடைத்தன. அதே ஆண்டுகளில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுசெல்லப்பட்ட தமிழர்களுக்கு அதுவும் இல்லை. ரயில்பாதையில் இறந்த நேச நாட்டுக் கைதிகள் ஏறத்தாழ 12,000 பேருக்குக் கணக்கு உண்டு; காஞ்சனபுரியிலும் பிற இடங்களிலும் வரிசை வரிசையாகக் கல்லறைகள் உண்டு. ஆசியத் தொழிலாளர்கள் எத்தனை பேர் இறந்தார்கள் என்பதற்கு மதிப்பீடுகள் மட்டுமே. 90,000 என்பது அடிக்கடி சொல்லப்படும் எண். அவர்கள் படைவீரர்கள் அல்லர் என்பது உண்மைதான். பட்டியலில் பெயர் இல்லாதவன் இறந்தால் வீட்டுக்கு எந்தச் செய்தியும் வராது என்பதற்காகத்தான் அவர்களைக் குறிப்பிடுகிறேன். திரும்பி வந்த யாராவது வாய்விட்டுச் சொன்னால்தான் உண்டு. புறநானூற்றுத் தாயின் நிலைமைதான் அது.

இனி இராணுவங்கள் செய்தி சொல்லக் கற்றுக்கொண்ட கதைக்கு வருவோம். முதல் உலகப் போரில் பிரிட்டிஷ் இராணுவம் அதிகாரி இறந்தால் தந்தி அனுப்பியது. சாதாரணச் சிப்பாய் இறந்தால் பி.104-82 என்ற எண்ணிட்ட அச்சுப் படிவத்தைத் தபாலில் அனுப்பியது. பெயரும் படை எண்ணும் இடமும் தேதியும் கோடிட்ட இடங்களில் கையால் நிரப்பப்பட்டிருக்கும். சாவிலும் வர்க்கம் பார்த்த நிர்வாகம்!

அமெரிக்க இராணுவமும் தந்தியைத்தான் நம்பியிருந்தது, 1965 நவம்பர் வரை. வியட்நாமின் இயா டிராங் பள்ளத்தாக்கில் அம்மாதம் நடந்த சண்டையில் நான்கைந்து நாட்களுக்குள் இருநூறுக்கும் அதிகமான அமெரிக்க வீரர்கள் மாண்டார்கள். அவர்களில் பலருடைய மனைவியரும் பிள்ளைகளும் ஜார்ஜியா மாநிலத்தில் பென்னிங் கோட்டையை ஒட்டிய கொலம்பஸ் நகரில் குடியிருந்தார்கள். இத்தனை தந்திகளைக் கொண்டுபோய்க் கொடுக்க இராணுவத்திடம் ஏற்பாடு எதுவும் இல்லை. தந்தி நிறுவனம் டாக்சி ஓட்டுநர்களிடம் கொடுத்து அனுப்பியது. இருபது வயதுப் பெண் கதவைத் திறந்தால், முன்பின் அறியாத ஓட்டுநர் ஒரு மஞ்சள் உறையை நீட்டிவிட்டுப் போய்விடுவார். தெருவில் டாக்சி திரும்பினாலே வீடுகளுக்குள் மூச்சு நின்றதாம்.

அங்கே சண்டையிட்ட ஒரு பட்டாளத்தின் தலைவர் ஹால் மூர். அவர் மனைவி ஜூலியா மூர் வீட்டு வாசலிலும் ஒரு டாக்சி வந்து நின்றது. கணவர் போய்விட்டார் என்றே அந்த அம்மையார் நினைத்தார். ஓட்டுநருக்கு வேண்டியிருந்தது வேறொரு வீட்டுக்கு வழி. அதன்பின் ஜூலியா வீட்டில் உட்கார்ந்திருக்கவில்லை. தந்தி போன வீடுகளுக்கெல்லாம் தாமும் போனார். அந்தப் பெண்களோடு இருந்தார். கணவரின் படையினருக்கு நடந்த இறுதிச் சடங்குகளில் கலந்துகொண்டார். இப்படியா செய்தி சொல்வது என்று பென்டகனிடம் முறையிட்டார். கொஞ்ச காலத்திலேயே இராணுவம் முறையை மாற்றியது. சீருடை அணிந்த அதிகாரி ஒருவரும் சமயகுரு ஒருவரும் நேரில் போய்ச் சொல்லும் வழக்கம் அப்படித்தான் நிலைபெற்றது. (இந்தக் கதை 2002இல் வெளிவந்த ஆங்கிலப் படத்தில் உண்டு. 2023இல் பென்னிங் கோட்டைக்கு இந்தத் தம்பதியின் பெயரைச் சூட்டினார்கள். 2025இல் அந்தப் பெயரை எடுத்தும் விட்டார்கள். அரசியல் அப்படி.)

அந்த முறையின் நுணுக்கங்களைப் படிக்கும்போது ஒரு மரியாதை உண்டாகிறது. செய்தி கொண்டுபோகிறவர் இறந்தவரின் தகுதிக்குச் சமமான அல்லது மேலான பதவியில் இருக்க வேண்டும். நள்ளிரவுக்கும் அதிகாலை 5 மணிக்கும் இடையில் பொதுவாகக் கதவைத் தட்டுவதில்லை. செய்தி கிடைத்த சில மணி நேரத்துக்குள் போய்விட வேண்டும். பக்கத்து வீட்டாரிடம் எதுவும் சொல்லிவிட்டு வரக்கூடாது. எல்லாவற்றிலும் எனக்கு முக்கியமாகப் படுவது ஒன்று. செய்தி சொல்கிறவரும் பின்னர் உதவிக்கு வருகிறவரும் வேறு வேறு ஆட்கள். ஈமச்சடங்கு, ஓய்வூதியம், காப்புறுதி, பிள்ளைகளின் படிப்பு என்று மாதக்கணக்கில் கூட இருந்து உதவ இன்னோர் அதிகாரி நியமிக்கப்படுகிறார். இறப்பைச் சொன்ன முகத்தையே திரும்பத் திரும்பப் பார்க்கும்படி ஒரு தாயை வைக்கக்கூடாது என்பதே அதற்குச் சொல்லப்படும் காரணம். பிரிட்டனிலும் குடும்பத்துக்கென்று ஒரு வருகை அதிகாரியை நியமிக்கிறார்கள்.

இந்தியாவில் மாற்றம் வந்தது கார்கில் போரில். அதற்கு முந்திய போர்களில் மாண்டவர்களைப் பெரும்பாலும் களத்தின் அருகிலேயே எரியூட்டினார்கள். 1999இல்தான் உடல்களைச் சொந்த ஊருக்கே கொண்டுபோய்ச் சேர்ப்பது வழக்கமானது. திருச்சியைச் சேர்ந்த மேஜர் சரவணன் அந்த ஆண்டு மே 29ஆம் நாள் படாலிக் பகுதியில் வீழ்ந்தார். உடலை மீட்க முடிந்தது ஜூலை மாதத் தொடக்கத்தில்தான். ஒரு மாதத்துக்கு மேல் அந்த வீடு எப்படி இருந்திருக்கும்? பால் ஊற்றவும் முடியாது, காரியம் செய்யவும் முடியாது. உடலைக் கொண்டுவருவது வெறும் சடங்கு என்று நினைப்பவர்கள் ஒரு தமிழ் வீட்டில் இதைச் சொல்லிப் பார்க்கட்டும்.

சொல்லும் முறை இவ்வளவு தூரம் செப்பமான பிறகு புதிய இடைஞ்சல் ஒன்று கைத்தொலைபேசி வடிவில் வந்தது. அதிகாரி காரை விட்டு இறங்குவதற்குள் செய்தி வாட்ஸ்அப்பில் வந்துவிடும். ஈராக்கிலும் ஆப்கானிஸ்தானிலும் யாராவது மாண்டாலோ படுகாயமுற்றாலோ, குடும்பத்துக்குத் தகவல் போய்ச் சேரும்வரை அந்த முகாமின் இணையத்தையும் தொலைபேசியையும் அமெரிக்க, பிரிட்டிஷ் படைகள் துண்டித்து வைத்தன. நம்மிடம் அப்படித் துண்டிக்கக்கூடிய முகாம் கிடையாது. பயிற்சி வீட்டிலிருந்து ஒரு மணி நேரத் தொலைவில் நடக்கிறது. ஒரே பங்க்கில் படுத்தவன் மயங்கி விழுந்ததைப் பார்த்தவன் தன் கூட்டாளிக்கு ஒரு வரி அனுப்புவான். அந்தக் கூட்டாளி மூன்று குழுக்களுக்கு அனுப்புவான். கெட்ட எண்ணம் எதுவும் இருக்காது. ஆனால் மகன் இறந்த செய்தியை மார்க்கெட்டில் நின்றுகொண்டு திரையில் படிக்கப்போவது அவன் தாய்.

இதுவரை சொன்னது முதல் பாதி. மகன் எப்படி இறந்தான் என்பதுதான் அடுத்தது. இங்கேதான் கண்ணியமான நடைமுறைகளுக்கு நடுவே பொய் நுழைந்துவிடுகிறது.

பேட் டில்மன் அமெரிக்கக் கால்பந்தில் புகழ்பெற்ற ஆட்டக்காரர். பல லட்சம் டாலர் ஒப்பந்தத்தை விட்டுவிட்டு 2002இல் தம்பி கெவினோடு இராணுவத்தில் சேர்ந்தார். 2004 ஏப்ரல் 22ஆம் நாள் ஆப்கானிஸ்தானில் மாண்டார். எதிரியோடு வீரமாகப் போரிட்டு உயிர்விட்டார் என்று குடும்பத்துக்குச் சொல்லப்பட்டது. வெள்ளி நட்சத்திரப் பதக்கம் அறிவித்தார்கள். மே 3ஆம் நாள் நடந்த நினைவஞ்சலி தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. அவர் இறந்தது தம் சொந்தப் படையினரின் துப்பாக்கிக் குண்டுகளால் என்பது சில நாட்களிலேயே மேலதிகாரிகளுக்குத் தெரிந்திருந்தது. அவருடைய சீருடையும் கவச உடையும் எரிக்கப்பட்டிருந்தன. அதே படையணியில் பின்னால் வந்துகொண்டிருந்த தம்பிக்குக்கூட யாரும் வாய் திறக்கவில்லை. குடும்பத்துக்கு உண்மை சொல்லப்பட்டபோது ஐந்து வாரம் ஓடிவிட்டது. அதன்பின் தாய் மேரி டில்மன் ஆயிரக்கணக்கான பக்க ஆவணங்களைத் தாமே படித்து, விசாரணைக்கு மேல் விசாரணை கேட்டு, 2007இல் நாடாளுமன்றக் குழு முன் விவகாரத்தைக் கொண்டுவந்தார்.

சாவுச் செய்தி விதிமுறைப்படிதான் சொல்லப்பட்டது. சீருடை சரியாக இருந்தது, கொடி மடிப்பு சரியாக இருந்தது. நச்செள்ளையாரின் முதியவளைப் போலவே இந்தத் தாயும் தானே போய்ப் புரட்டிப் பார்க்க வேண்டியிருந்தது, அவ்வளவுதான். இங்கே சொல்லப்பட்ட பொய் அவளுக்குச் சொல்லப்பட்டதற்கு நேர்மாறானது. அங்கே வீரனைக் கோழை என்றார்கள். இங்கே ஒரு தவற்றை வீரம் என்றார்கள். மகனுடைய மரணத்தைப் பிறர் தங்கள் வசதிக்கேற்ப எழுதிக்கொண்டார்கள் என்பது இரண்டிலும் ஒன்றே.

சிங்கப்பூரில் நிலைமை அப்படி என்று நான் குற்றம் சாட்டவில்லை. நம் நாட்டில் மரண விசாரணை அதிகாரியின் விசாரணை உண்டு. தனி விசாரணைக் குழு உண்டு. நாடாளுமன்றத்தில் அமைச்சர் பதில் சொல்கிறார். 2012இல் புகைக் குண்டுப் பயிற்சியில் ஒரு முழுநேர தேசிய சேவையாளர் இறந்தபோது, இரண்டுக்கு மேல் வீசக்கூடாத இடத்தில் ஆறு குண்டுகள் வீசப்பட்டன என்பதை அதே ஆண்டு நவம்பரில் தற்காப்பு அமைச்சரே நாடாளுமன்றத்தில் தெரிவித்தார். மூடி மறைக்கும் அரசு அப்படிச் சொல்லாது. நடிகர் அலோய்சியஸ் பாங் 2019 ஜனவரியில் நியூசிலாந்துப் பயிற்சியில் காயமுற்று இறந்த பிறகு, படைகளின் பாதுகாப்பைத் தணிக்கை செய்யத் தலைமை ஆய்வாளர் அலுவலகம் ஒன்று ஏற்படுத்தப்பட்டது. இவையெல்லாம் நல்லவை.

ஆனால் 2012 நிகழ்வின் இரண்டாம் பகுதியையும் சொல்ல வேண்டும். குடும்பம் வழக்குத் தொடர்ந்தது. 2016இல் உயர் நீதிமன்றம் அதை விசாரணைக்கு எடுக்காமலே தள்ளியது. அரசாங்க வழக்குச் சட்டத்தின் 14ஆம் பிரிவுப்படி, பணியில் இருக்கும் படைவீரருக்கு மற்றொரு படைவீரரால் நேரும் மரணத்துக்கும் காயத்துக்கும் அரசின் மீது இழப்பீட்டு வழக்குப் போட முடியாது. வழக்குச் செலவையும் குடும்பமே தரவேண்டும் என்றாகி, பின்னர் அந்தத் தொகை கோரப்படவில்லை. இந்தப் பிரிவுக்கு நியாயம் இல்லாமல் இல்லை. ஒவ்வோர் ஆணையும் வழக்காக மாறும் என்று அஞ்சினால் எந்தத் தளபதியும் கடுமையான பயிற்சி தரமாட்டார். பயிற்சி இல்லாத படை போரில் இன்னும் பலரைப் பலிகொடுக்கும். அமெரிக்காவிலும் 1950ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று இதே தடையை விதிக்கிறது. ஆனால் நம் பிரிவுக்கு இணையான பிரிட்டனின் 1947ஆம் ஆண்டுச் சட்டப் பிரிவை அந்த நாடே 1987இல் நிறுத்திவைத்துவிட்டது. அதனால் பிரிட்டிஷ் இராணுவம் பயிற்சியை விட்டுவிட்டதாகத் தெரியவில்லை.

வழக்கு என்பது பணத்துக்காக மட்டும் போடப்படுவதன்று. கேள்வி கேட்கவும், எதிர்த்தரப்பின் ஆவணங்களைக் காணவும், சாட்சியைக் கூண்டில் நிறுத்தவும் சாதாரணக் குடிமகனுக்கு இருக்கும் ஒரே கருவி அது. அந்தக் கருவியைச் சட்டம் எடுத்துக்கொள்கிறது என்றால், அதற்கு ஈடான ஒன்றைக் கையில் தரவேண்டும். விரும்பிச் சேர்ந்த படையிலேயே இது கடமை. சட்டத்தால் அழைக்கப்பட்டு, மறுத்தால் சிறை என்ற நிலையில் போன பிள்ளையின் வீட்டுக்கு இது கடன். பயிற்சி விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு விசாரணை முடிவை மூத்த அதிகாரி ஒருவர் வீட்டுக்கே போய் நேரில் விளக்க வேண்டும் என்ற விதி அமெரிக்கத் தரைப்படையில் உண்டு. இங்கேயும் முழு அறிக்கை நாடாளுமன்றத்துக்கும் நாளிதழுக்கும் போவதற்கு முன்பே குடும்பத்தின் கையில் இருக்க வேண்டும். அவர்கள் கேட்கும் கேள்விக்கெல்லாம் பதில் சொல்லும்வரை அந்த அதிகாரி எழுந்து வரக்கூடாது. ஒவ்வொரு நிகழ்விலும் யாருடைய நல்ல மனத்தையோ நம்பி இது நடக்காமல், எல்லாருக்கும் தெரிந்த எழுத்து விதியாகவே இருக்கட்டும்.

பணத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். பணம் முக்கியமில்லை என்று சொல்பவர்கள் வாடகை கட்டாதவர்கள். அமெரிக்காவில் இறந்தவரின் குடும்பத்துக்கு உடனடியாகத் தரும் தொகை 12,420 டாலராக இருந்து 2005இல்தான் 1,00,000 டாலராக உயர்ந்தது. இரண்டு போர்களில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட சவப்பெட்டிகள் வந்தபிறகு. இங்கே 2016 முதல் தேசிய சேவையாளர்களுக்கு ஆயுள் காப்புறுதி 1,50,000 வெள்ளி, விபத்துக் காப்புறுதி 1,50,000 வெள்ளி என்ற அடிப்படைத் திட்டத்துக்கு அரசே சந்தா கட்டத் தொடங்கியது. அதற்கு முன் அந்தப் படிவத்தில் கையெழுத்துப் போடலாமா வேண்டாமா, மாதச் சம்பளத்தில் இத்தனை வெள்ளி போய்விடுமே என்று பதினெட்டு வயதில் கணக்குப் பார்த்தவர்கள் முன்னாள் மாணவர்களில் இருப்பார்கள்.

இறந்தவனைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறோம். காயமுற்றவனின் வீட்டுக்குச் சீருடை அணிந்த இருவர் வருவதில்லை. ஒரு தொலைபேசி அழைப்புத்தான் வரும். கொடியும் கொம்பிசையும் கிடையாது. 2007 பிப்ரவரியில் ‘வாஷிங்டன் போஸ்ட்’ நாளிதழ், தலைநகரிலேயே இருந்த வால்டர் ரீட் இராணுவ மருத்துவமனையின் நிலையை வெளிப்படுத்தியது. கை கால் இழந்து வந்தவர்கள் பூஞ்சை பிடித்த சுவர்களுக்குள், ஒரு மேசையிலிருந்து இன்னொரு மேசைக்குக் கோப்பைத் தூக்கிக்கொண்டு அலைந்தார்கள். தரைப்படைச் செயலரே அடுத்த மாதம் பதவி விலக நேர்ந்தது. அறுவைச் சிகிச்சையில் குறை எதுவும் இல்லை. உயிரைக் காப்பாற்றிய பிறகுதான் அவர்களை மறந்துவிட்டார்கள். நம் நாட்டில் முதுகெலும்பு அடிபட்டவனுக்கும் வெப்பத்தாக்கில் சிறுநீரகம் கெட்டவனுக்கும் பெஸ் தரம் மாறுகிறது, சேவை முடிகிறது. அதன்பின் முப்பது வயதில் அவனுக்கு வரும் வலி எதனால் வந்தது என்று நிரூபிக்கும் பாரம் யார் தலையில்? அவன் தலையில் இருக்கக்கூடாது என்பது என் கட்சி. பதிவேடு முழுவதும் இராணுவத்திடம் இருக்கிறது. ஆகவே நிரூபிக்க வேண்டியவர்களும் அவர்களே.

கடைசியாக, நம் சங்கத்துக்கு நேரடியாகத் தொடர்புடைய ஒன்று. வீட்டில் தமிழ் மட்டுமே பேசும் அம்மாக்கள் இன்னும் இருக்கிறார்கள். ‘மகன் மயங்கி விழுந்துட்டான், வாங்க’ என்பதைத் தமிழில் சொல்ல யாராவது ஒரு சார்ஜென்ட் கிடைத்துவிடுவார். நீதிமன்றத்திலும் மொழிபெயர்ப்பாளர் உண்டு. நாற்பது பக்க விசாரணை அறிக்கை அந்த வீட்டு வரவேற்பறைக்கு வந்தால் யார் வாசித்துக் காட்டுவது? பெரும்பாலும் இறந்தவனின் தங்கையோ தம்பியோதான். அண்ணனின் உள்ளுறுப்புகள் ஒவ்வொன்றாக எப்படிச் செயலிழந்தன என்பதைப் பதினைந்து வயதுப் பெண் தன் அம்மாவுக்குத் தமிழில் சொல்ல வேண்டியிருக்கும். அதை அவள் சுருக்கித்தான் சொல்வாள். அம்மா அழுவாளே என்று சிலவற்றை விட்டும் விடுவாள்.

ஆண்டுதோறும் சொற்போரும் நாடக விழாவும் நடத்தும் நமக்கு இதில் ஒரு வேலை இருக்கிறது. சட்டம் படிப்பவர்களும் மருத்துவம் படிப்பவர்களும் தமிழில் நல்ல பயிற்சி உள்ளவர்களும் இதே சங்கத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள். சேவை முடித்தவர்களுக்கு இராணுவத்தின் சுருக்கெழுத்துகள் அத்தனையும் மனப்பாடம். ஐந்தாறு பேர் கொண்ட ஒரு குழு, குடும்பம் விரும்பினால் மட்டும், இரகசியம் காக்கும் உறுதியோடு, இத்தகைய அறிக்கைகளைத் தமிழாக்கித் தர முன்வருவதாகத் தற்காப்பு அமைச்சுக்கு ஒரு கடிதம் எழுதலாம். மறுத்தால் மறுக்கட்டும். எழுதுவதற்கு முன் ஒரு சொற்பட்டியல் வேண்டும். வெப்பத்தாக்கு என்பதை எல்லாரும் புரிந்துகொள்வார்கள். மீச்செலவிடம், உடற்கூறாய்வு, நேரடிக் காரணம், கவனக்குறைவு, அலட்சியம் ஆகியவற்றில் எதை எங்கே எழுதுவது? கவனக்குறைவு என்பதற்கும் அலட்சியம் என்பதற்கும் உள்ள தூரம் அந்தத் தாய்க்கு மிகப் பெரிய தூரம். அதைச் சரியாக எழுதத் தெரிந்தவர்கள் வேண்டும்.